நாலு நிமிடக் கதாநாயகி

எனக்கு ஒரு கெட்ட குணம் உண்டு. யாராவது ஒன்றைப் பற்றி "அது இனிக் கிடைக்காது" என்று சொல்லிவிட்டால் என்னால் சும்மா இருக்க முடியாது. முப்பது வருடத்துக்கு மேலாக இந்த நாட்டு அலுவலகங்களில் அந்தச் சொல்லைக் கேட்டுக் கேட்டு, ஒரு அன்ட்ராக்கை, அதாவது விண்ணப்பத்தை, மறுத்தால் அதற்கு மேல் இன்னொரு அன்ட்ராக் எழுதிப்போட்டு வாழ்ந்தவள் நான். விசா அப்படித்தான் கிடைத்தது, வீடும் அப்படித்தான் கிடைத்தது. அதனால் பிடிவாதம் ஒரு நல்ல குணம் என்றே நினைத்துக்கொண்டிருந்தேன். அந்தக் குணத்தால் ஒரு கிழவிக்கு நான் செய்த கெடுதலைத்தான் இப்போது எழுதுகிறேன். அவர் இன்று உயிரோடு இல்லை.

ஹம்பேர்க்கில் ஒரு முதியோர் இல்லத்தில் பராமரிப்பாளராக வேலை செய்கிறேன். நாற்பது வயதில், என் மகளின் வயதுப் பெட்டைகளோடு ஒரே வகுப்பில் இருந்து அவுஸ்பில்டுங் என்கிற தொழிற்பயிற்சி படித்து எடுத்த வேலை. கிழவி மூன்றாம் மாடியில் கடைசி அறையில் இருந்தார். கிழவி என்று நான் சொல்வது பாசத்தில்தான். நேரில் மரியாதையாக "ஃபிராவ்" போட்டுத்தான் கூப்பிடுவேன். வயது தொண்ணூற்று நாலு. ஐம்பது வருடம் தையற்கடை வைத்திருந்தவர். இரண்டு கண்ணிலும் நடுப்பார்வை போய்விட்டிருந்தது. எதை நேராகப் பார்த்தாலும் அந்த இடத்தில் ஒரு சாம்பல் திட்டுத்தான் தெரியுமாம். ஓரப்பார்வை மட்டும் மிச்சம். ஆகவே நம்மைப் பார்க்க வேண்டுமென்றால் தலையை மறுபக்கம் திருப்பிக்கொள்வார். புதிதாக வருகிறவர்கள் கிழவி கோபித்துக்கொண்டிருக்கிறார் என்று நினைப்பார்கள். முகம் அவருக்குப் பிடிபடாது. ஆனால் துணி பிடிபடும். ஒருநாள் நான் குளியலறைக்குள் நுழைந்த கையோடு, "உங்கடை வலப்பக்கப் பொக்கற் தையல் விட்டுப்போச்சு" என்றார். குனிந்து பார்த்தேன், உண்மைதான்.

நாங்கள் பேசியது ஜெர்மன். ஆனால் நினைத்துப் பார்க்கிறபோதெல்லாம் அது யாழ்ப்பாணத் தமிழாகவே எனக்குக் கேட்கிறது, அப்படியே எழுதிவிடுகிறேன்.

அவருடைய தாய் நடிகை. பேசாத படங்கள் வரத் தொடங்கிய காலம், முதல் உலகப் போருக்கு முன். கட்டிலுக்கு மேலே சுவரில் தாயின் படம் ஒன்று தொங்கியது. இருபது வயதுப் பெண் ஒருத்தி தனியாக நிற்கிறாள். பின்னால் வெறும் திரை. முகம் மங்கிப்போய்விட்டது. ஆனால் அவள் போட்டிருக்கும் நீளச் சட்டை துலக்கமாகத் தெரியும்: இடது தோளிலிருந்து வலது இடுப்புவரை சரிவாக ஒரு வரிசைப் பொத்தான், விளிம்பில் அகலமான கறுப்புப் பட்டி.

"அது அம்மா தானே வெட்டித் தைச்சது. அந்தக் காலத்திலை நடிக்கப் போறவை தங்கடை உடுப்பைத் தாங்களே கொண்டுபோக வேணும். கொம்பனி ஒண்டும் தராது. வேலைக்கு ஆள் எடுக்க வாறவன் ஒரு கோப்பிக் கடைக்கு வருவான். அங்கை பெட்டையள் வரிசையா இருப்பினம். அவன் முகத்தைப் பாக்கமாட்டான், சட்டையைத்தான் பாப்பான். நல்ல சட்டை போட்டவளுக்குச் சீமாட்டி வேசம். இல்லாதவளுக்கு வேலைக்காரி வேசம்."

தாய் ஏழு படத்தில் நடித்தாராம். ஆறில் கூட்டத்தில் ஒருத்தி, தட்டு ஏந்துகிறவள், தேவாலயத்தில் மண்டியிடுகிறவள். ஏழாவதில் கதாநாயகி. கண்ணாடிக் கூரை போட்ட மொட்டைமாடிக் கட்டடத்தில் எடுத்தார்களாம். வெயில் ஏற ஏற உள்ளே அவிந்துபோவார்களாம். சிவப்பு நிறம் படத்தில் கறுப்பாக விழும் என்பதால் உதட்டுக்குச் சாயம் பூச விடமாட்டார்களாம். நடிக்கிறவர்களின் பெயரைத் திரையில் போடுகிற வழக்கமே அப்போது இல்லை. அதற்குப் பிறகு போர் வந்தது. தாய் சிப்பாய்களின் கோட்டுக்குப் பொத்தான் தைத்தார். பிறகு கல்யாணம், பிறகு இன்னொரு போர். ஏழு படங்களோடு அவருடைய நடிப்புத் தொழில் முடிந்தது.

"எனக்குத் தெரிஞ்ச அம்மா மிசினுக்குப் பின்னாலை குனிஞ்சபடி இருந்தவ. நான் பிறக்கிறதுக்கு முதலே அவவுக்கு இடுப்பு விழுந்துபோச்சு. அவ நிமிர்ந்து நடந்து நான் பாக்கேல்லை. அந்த ஏழாம் படத்திலை ஒரு அறைக்குள்ளாலை நடந்து யன்னலடிக்குப் போறாவாம். அதை ஒருக்காப் பாத்திட்டன் எண்டால் காணும். ஆனால் எல்லாம் எரிஞ்சுபோச்சு. இனிக் கிடைக்காது."

பிறகென்ன, அந்தச் சொல்லைச் சொல்லிவிட்டாரே.

எனக்கும் ஒரு காரணம் இருந்தது. என் தாய் அசைவதை நான் பார்க்கக்கூடிய ஒரே இடம், ஊரில் நடந்த ஒரு உறவுக்காரக் கல்யாணத்தின் வீடியோ. பலகாரத் தட்டோடு இடமிருந்து வலமாகக் கடந்து போவார், கமராவைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொள்வார். அவ்வளவுதான். அந்தத் துண்டை நான் எத்தனை தரம் பார்த்திருப்பேன் என்று கணவருக்குத் தெரியும். ஒரு தாய் நடந்து போவதைப் பார்ப்பதற்கு ஒரு மகள் என்ன கொடுப்பாள் என்பது எனக்குத் தெரியும். கிழவியின் இதயம் சோர்ந்துவிட்டது, இன்னும் சில மாதம்தான் என்று வைத்தியரும் சொல்லியிருந்தார்.

பழைய படங்களைப் பாதுகாக்கும் காப்பகம் ஒன்றுக்கு எழுதினேன். அப்படி ஒரு நடிகையின் பெயர் எங்கள் பட்டியலில் இல்லை என்று பதில் வந்தது. பெயரே போடாத காலத்து ஆளின் பெயர் பட்டியலில் எப்படி இருக்கும் என்று திருப்பி எழுதினேன். கொஞ்சம் காரமாகத்தான் எழுதினேன். பிறகு தொலைபேசியில் ஒருவர் பேசினார். இளம் குரல், பொறுமையான ஆள். பெயர் தெரியாத படச்சுருள்கள் தங்களிடம் பெட்டி பெட்டியாக இருக்கின்றன, ஆளை அடையாளம் காண ஏதாவது இருந்தால் அனுப்புங்கள் என்றார். சுவரிலிருந்த படத்தைக் கழற்றி, கைப்பேசியில் பிடித்து அனுப்பினேன்.

நாலு மாதம் ஒன்றும் இல்லை. நான் மாதத்துக்கு இரண்டு தரம் கேட்டு எழுதினேன். பனி கொட்டி முடிந்து, மரங்கள் துளிர்க்கத் தொடங்கிய நேரத்தில் பதில் வந்தது. மூடிப்போன ஒரு விடுதியின் பரணில் கிடைத்த சுருள். தலைப்பு இல்லை, தொடக்கமும் முடிவும் இல்லை, பாதி உருகிப்போனது, பார்க்கக்கூடியது நாலு நிமிடம். அதில் ஒரு பெண். சரிவான பொத்தான் வரிசை, பொத்தான்களின் எண்ணிக்கை, விளிம்புக் கறுப்புப் பட்டி, எல்லாமே நீங்கள் அனுப்பிய படத்திலுள்ள சட்டையோடு ஒத்துப்போகின்றன. கையால் தைத்த சட்டை இரண்டு இருக்க வாய்ப்பில்லை என்று எழுதியிருந்தார். கதாநாயகியின் இடத்தில் தாயின் பெயரை ஒரு கேள்விக்குறியோடு பதிந்துவிட்டோம், மகள் பார்த்து உறுதி சொன்னால் கேள்விக்குறியை எடுத்துவிடலாம் என்றும் இருந்தது.

எஸ்-பான் ரயிலில் நின்றபடி அதை வாசித்தேன். எனக்கு அழுகை வந்துவிட்டது. பக்கத்து இருக்கையில் இருந்தவர் எழும்பி இடம் தந்தார்.

அதோடு அனுப்பியிருந்த பிரதியை அன்று மாலையே கணவரோடு வீட்டில் போட்டுப் பார்த்தேன். ஒரு பெண் கதவால் வருகிறாள். கடிதம் ஒன்றை வாசிக்கிறாள், கிழிக்கிறாள். அறையைக் கடந்து யன்னலுக்குப் போகிறாள். மீசைக்காரன் ஒருவன் வந்து ஏதோ கெஞ்சுகிறான், முகத்தைத் திருப்பிக்கொள்கிறாள், அவன் போய்விடுகிறான். அவள் கதிரையில் இருக்கும்போது படத்தின் ஓரத்திலிருந்து வெள்ளைக் கொப்புளங்கள் கிளம்பி அவளையும் கதிரையையும் தின்றுவிடுகின்றன.

"இஞ்சேரும், இதுக்கோ இத்தனை மாசம் அலைஞ்சனீர்?" என்றார் கணவர்.

"உங்களுக்கு என்ன தெரியும்? அவ நடக்கிற வடிவைப் பாருங்கோ. இடக்கையாலை சட்டையைத் தூக்கிப் பிடிச்சுக்கொண்டு நடக்கிறா. என்ன நளினம்!" என்றேன் நான். அதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு என் தலையில் குட்டிக்கொள்ளத் தோன்றுகிறது.

கிழவிக்குச் சொன்னேன். எப்போது பார்க்கலாம் என்று மட்டும் கேட்டார். என் அடுத்த விடுமுறை நாள் புதன்கிழமை. அதற்குள் அவர் மாடி முழுவதும் சொல்லிவிட்டார். நாலு நாளும் நல்ல நித்திரை இல்லை என்று மற்றத் தாதிகள் என்னிடம் முறைப்பட்டார்கள். புதனன்று பின்னேரம் நான் போனபோது தலைமயிரைக் கழுவிச் சுருட்டிவிடச் சொல்லி, தான் தைத்த சாம்பல் நிறக் கோட்டும் பாவாடையும் போட்டு, சக்கர நாற்காலியில் நிமிர்ந்து இருந்தார். பெரிய ரயில் நிலையத்துக்குப் பக்கத்துத் தமிழ்க் கடையில் அவருக்குப் பிடித்த ரோல்ஸ் வாங்கிப் போயிருந்தேன். "பாத்து முடிய" என்று தட்டை ஒதுக்கிவிட்டார்.

தொலைக்காட்சியை அவருடைய இடப்பக்கமாக வைத்தேன். அவர் தலையை வலப்பக்கம் திருப்பிச் சுவரைப் பார்த்தார். அப்படி இருந்தால்தான் படம் தெரியும்.

முதல் தரம் ஓடி முடிந்தது. "முகம் எப்படி?" என்று கேட்டார். நான் சொன்னேன்: வட்ட முகம், பெரிய கண், கொஞ்சம் பயந்த மாதிரி. "இன்னொருக்காப் போடுங்கோ." போட்டேன். "இன்னொருக்கா. யன்னலடிக்குப் போற இடத்திலை நிப்பாட்டுங்கோ." நிறுத்தினேன். தலையைக் கொஞ்சம் மேலே, கொஞ்சம் கீழே என்று அசைத்து அசைத்துப் பார்த்தார். கடைக்கு வந்தவர்களையும் அவர் அப்படித்தான் அளந்திருப்பார் என்று நினைக்கிறேன்.

"இது என்ரை அம்மா இல்லை" என்றார்.

எனக்கு முதலில் எரிச்சல்தான் வந்தது, உண்மையைச் சொன்னால். "உங்களுக்கு முகம் தெரியாதே. எப்படிச் சொல்லுவீங்கள்? சட்டை அதே சட்டை."

"சட்டை அம்மாவின்ரைதான். உள்ளை நிக்கிறது அம்மா இல்லை. தோள் மூட்டுத் தையல் எங்கை நிக்குது, பாருங்கோ. கைக்குப் பாதி தூரத்துக்கு விழுந்துபோய்க் கிடக்குது. கை நீளம் விரல் மொளியை மூடுது. விளிம்பு தரையிலை இழுபடுது. அதுதான் அவள் இடக்கையாலை தூக்கிப் பிடிக்கிறாள். யன்னலடியிலை ஒருக்கா மிதிச்சும் போட்டாள். அம்மா தன்ரை உடம்புக்கு அளவெடுத்துத் தைச்ச சட்டை, ஒரு இழை பிசகாது. அம்மா நல்ல உயரம். குனிஞ்சு போன பிறகும் அப்பாவை விட உயரம். இது ஆரோ கட்டைப் பெட்டை."

நான் திரையைப் பார்த்தேன். சொன்ன பிறகு அதைத் தவிர வேறெதுவும் எனக்குத் தெரியவில்லை. நளினம் என்று நான் புளகித்த கை, தடக்கி விழாமல் இருக்கப் படாத பாடு பட்டுக்கொண்டிருந்தது. இத்தனை தரம் பார்த்தேனே, காப்பகத்தில் பொத்தானைக்கூட எண்ணினார்களே. கண் தெரியாத கிழவி ஒருவருக்குத்தான் அது தெரிந்தது.

"அம்மா சொல்லிச் சிரிக்கிறவ," என்றார் கிழவி மெதுவாக, "கதாநாயகன் தன்ரை காது உயரத்துக்குத்தான் நிண்டவன் எண்டு. அதுதான் நடந்திருக்கு. உயரமான பெட்டை பக்கத்திலை நிண்டால் அவன் ஆம்பிளையாத் தெரியமாட்டான். சட்டையைக் கழற்றி மற்றவளிட்டைக் குடு எண்டு சொல்லியிருப்பாங்கள்."

எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. "கதவுக்குப் பக்கத்திலை ஒரு நிழல் தெரியுது. உயரமா. அது அவவாக இருக்கலாம்" என்றேன்.

"பொய் சொல்லாதேங்கோ. உங்களுக்கு அது வராது."

நிழல் ஒன்றும் இல்லை. கதவு மட்டும்தான் இருந்தது.

தொலைக்காட்சியை அணைத்தேன். பிறகு அவர் என்னைக் கேட்கவில்லை, தன்னைத்தானே கேட்டார்: "அப்ப அவ எங்கை இருந்திருப்பா?" பதிலையும் தானே சொன்னார். "அவவுக்கு அது ஒண்டுதான் நல்ல சட்டை. அதைப் போட்டுக்கொண்டுதான் வீட்டிலை இருந்து போயிருப்பா. மாத்துறதுக்கு வேறை ஒண்டும் கொண்டு போயிருக்கமாட்டா. உள்பாவாடையோடை, மேலை கோட்டைப் போத்துக்கொண்டு, எங்கையாவது ஒரு மூலையிலை குந்தி இருந்திருப்பா. அவங்கள் எடுத்து முடிக்கும் மட்டும். சட்டை திரும்பி வராமல் வீட்டை போக ஏலாதே."

இது எனக்குத் தெரிந்திருக்க வேண்டிய விஷயம். வேறு யாருக்கும் தெரியாவிட்டாலும் எங்களுக்குத் தெரியும். அகதி முகாமில் நாங்கள் இருந்த முதல் குளிர்காலத்தில், மாடிக்கு ஒரு நல்ல கோட்டு இருந்தது. வேறொருவருடைய கோட்டு, சிவப்புத் தோல். ஊருக்கு அனுப்பப் படம் எடுக்க வேண்டுமென்றால் பெண்கள் எல்லோரும் அதைத்தான் மாறி மாறிப் போட்டோம். வாசலில் நின்ற யாரோ ஒரு துருக்கிக்காரரின் காரில் சாய்ந்துகொண்டு சிரித்தோம். கோட்டுச் சொந்தக்காரி உள்ளே ஸ்வெற்றரோடு நடுங்கிக்கொண்டு, "கெதியா எடுங்கோ" என்று யன்னலால் கத்துவாள். என் தாய் அந்தப் படத்தை அயல் முழுக்கக் காட்டி, என் பிள்ளை நல்லாய் இருக்கிறாள் என்று சொன்னாராம். இரவல் உடுப்பில் படத்துக்கு நின்றவள் நான். அப்படிப்பட்ட நானே, சட்டை ஒன்றென்றால் ஆளும் ஒன்று என்று நம்பிவிட்டேன்.

"எனக்குக் கடைசி மட்டும் கதாநாயகி எண்டுதான் சொன்னவ" என்றார் கிழவி. "நான் ஐம்பது வருசம் கடைக்கு வாறவை எல்லாருக்கும் சொன்னனான். அளவெடுக்கேக்கை சொல்லுவன்."

கோபமாகச் சொல்லவில்லை. கோபித்திருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

ரோல்ஸ் ஆறிப்போய்விட்டது. வேண்டாம் என்றார். உடுப்பு மாற்றி, கட்டிலில் கிடத்திவிட்டு வீட்டுக்கு வந்தேன்.

அதற்குப் பிறகு அவர் தேறவில்லை. இதயம்தான் காரணம், படம் இல்லை என்று வைத்தியர் சொன்னார். நான் கேட்டுத்தான் சொன்னார். எனக்கு அது உதவவில்லை. அவர் கண்ணை மூடும்போது நம்பிக்கொண்டு போவதற்கு ஒரு படம் வைத்திருந்தார். எரிந்துபோன படம், ஆனால் அதில் அவருடைய தாய் நிமிர்ந்து நடந்துகொண்டிருந்தார். நான் போய் அதைத் தேடிக் கண்டுபிடித்தேன். இல்லாமல் போனதைக் கண்டுபிடித்ததால்தான் அது இல்லாமலே போனது. சும்மா இருந்திருக்கலாம். என் கணவர் இதை ஒரு தரமும் சொல்லவில்லை. அவர் சொல்லாமல் இருப்பதும் எனக்குத் தெரிகிறது.

அடுத்த கிழமை கிழவி என்னைக் கூப்பிட்டு, காப்பகத்துக்கு ஒரு கடிதம் எழுத வேண்டும் என்றார். தாயின் பெயரை எடுத்துவிடச் சொல்லி.

நான் மறுத்தேன். கெஞ்சினேன் என்றே சொல்லலாம். "இருக்கட்டும். கேள்விக்குறியோடைதானே இருக்குது. ஆருக்கு என்ன நட்டம்? உலகத்திலை அவவின்ரை பேர் நடிகை எண்டு எழுதியிருக்கிற ஒரே ஒரு இடம் அது. நீங்கள் ஒண்டும் சொல்லாட்டி அது அப்படியே இருக்கும்."

"அந்தக் கட்டைப் பெட்டைக்கும் ஆரும் பேர் போடேல்லை. சட்டைதான் அவளின்ரை இல்லை, முகம் அவளின்ரைதான். அவளின்ரை முகத்திலை என்ரை அம்மாவின்ரை பேரை ஒட்டிவிடச் சொல்லுறீங்களோ? எழுதுங்கோ."

அவர் சொல்லச் சொல்ல எழுதினேன். நாலு வரிதான். உங்கள் சுருளில் இருக்கும் பெண் என் தாய் அல்ல. பெயரை நீக்கிவிடவும். உங்கள் சிரமத்துக்கு நன்றி. பிறகு கொஞ்சம் யோசித்துவிட்டு, "சட்டையைத் தைத்தவர் என் தாய்" என்று ஒரு வரி சேர்க்கச் சொன்னார்.

"நடிகை எண்டும் போடட்டே? மற்ற ஆறு படம் இருக்குதே" என்றேன்.

அவர் தலையை மறுபக்கம் திருப்பினார். என்னைப் பார்த்தார் என்று அர்த்தம்.

"தையல்காரி எண்டு போடுங்கோ" என்றார்.

போட்டேன். எழுத்தைப் பெரிதாக்கி, தாளை அவருடைய இடப்பக்கம் பிடித்து, பேனையைக் கையில் கொடுத்து, கையெழுத்து வைக்க வேண்டிய இடத்தில் அவருடைய விரலை வைத்தேன். சுவரைப் பார்த்துக்கொண்டே கையெழுத்துப் போட்டார். கீழே "மகள்" என்றும் எழுதினார்.